பண்டிலை எடுப்பதற்கு முன்: பனியன் லைனை ஒற்றை பீஸ் ஓட்டத்துக்கு மாற்றும் வழி

திருப்பூர் பக்கம் பல பனியன் கம்பெனிகளில் தையல் இன்னும் பண்டிலில்தான் ஓடுகிறது. கட்டிங்கிலிருந்து 20, 24, 30 பீஸாகக் கட்டு வரும். ஷோல்டர் முடிந்ததும் அந்தக் கட்டு அப்படியே நெக்குக்குப் போகும், அங்கிருந்து ஸ்லீவுக்கு, அப்புறம் சைடுக்கு. ஒற்றை பீஸ் ஓட்டம் என்றால் கட்டே இல்லாமல், ஒவ்வொரு பீஸும் தைத்த உடனே அடுத்த மெஷினுக்குப் போவது.

இதில் என்ன நஷ்டம் என்று ஒரு கணக்குப் போட்டுப் பார்க்கலாம். பத்து பேர் உட்காரும் லைன். ஒவ்வொருவர் கையிலும் ஒரு பண்டில், பக்கத்தில் காத்திருப்பது ஒன்று. பண்டிலுக்கு 24 பீஸ் என்றால் லைனுக்குள் 480 பீஸ் கிடக்கிறது. மணிக்கு 60 பீஸ் வெளியே வருகிறதென்றால், காலையில் உள்ளே போன துணி செக்கிங் மேசைக்கு வர 8 மணி நேரம் ஆகும். நெக் ரிப் (கழுத்துப் பட்டி) இழுத்துச் சுருங்குவது செக்கிங்கில் கண்ணில் படுவதற்குள் நூற்றுக்கணக்கில் தைத்து முடித்திருப்பார்கள். பண்டிலை 4 பீஸாகக் குறைத்தால் லைனுக்குள் இருப்பது 80 பீஸ்தான். முதல் பீஸ் 1 மணி 20 நிமிடத்தில் செக்கிங்குக்கு வந்துவிடும்.

கணக்கைக் காட்டினால் முதலாளி அன்றே சம்மதித்துவிடுவார். லைன் சம்மதிக்காது. ஏனென்றால் அந்தப் பண்டில் அங்கே சும்மா கிடக்கவில்லை. டைலருக்கு அது கூலிக் கணக்கு. சூப்பர்வைசருக்கு அது அதிகாரம். மெக்கானிக்குக் கிடைக்கும் அவகாசமும், ஷேடு (ஒரே கலருக்குள் வரும் சாய வித்தியாசம்) கலக்காமல் இருப்பதும் அதனால்தான். பண்டிலை எடுப்பவர் இந்த ஒவ்வொரு வேலைக்கும் மாற்று ஏற்பாடு செய்துவிட்டுத்தான் எடுக்க வேண்டும். ஒன்றை விட்டாலும் மூன்றாம் வாரம் பண்டில் திரும்பி வந்துவிடும். பெரும்பாலும் யாரிடமும் சொல்லிக்கொண்டு வராது.

சம்பளத்தை முதலில் முடியுங்கள்

லேஅவுட் படம் வரைவதற்கு முன்பே இது முடிந்திருக்க வேண்டும். பீஸ் ரேட்டில் தைக்கிற டைலர், பண்டில் சீட்டைக் கிழித்து வைத்துக்கொண்டு சனிக்கிழமை கணக்குப் பார்ப்பார். ஒற்றை பீஸில் அந்தச் சீட்டே இல்லை. பக்கத்து மெஷினில் இருப்பவர் மெதுவாகத் தைத்தால் தன் கூலி குறையும் என்று அவர் பயப்படுகிறார். அந்தப் பயம் நியாயமானது. "பழகினால் சரியாகிவிடும்" என்று சொல்லித் தட்டிக் கழிக்காதீர்கள்.

மாற்றப்போகும் லைனில் உள்ள ஒவ்வொருவரின் கடைசி 13 வாரச் சம்பளத்தை எடுங்கள். மொத்தத்தை அவர் வேலை செய்த ஷிப்டுகளின் எண்ணிக்கையால் வகுத்தால் ஒரு ஷிப்டுக்கான சராசரி வரும். அடுத்த 6 வாரத்துக்கு, எத்தனை பீஸ் வந்தாலும் அந்தச் சராசரி குறையாது என்று எழுதிக் கொடுங்கள். தமிழில் மட்டும் எழுதினால் போதாது. லைனில் ஒடிசா, பீகார், ஜார்க்கண்ட் ஆட்கள் இருந்தால் ஒடியாவிலும் இந்தியிலும் எழுதி ஒட்டுங்கள். சூப்பர்வைசர் வாயால் மொழிபெயர்க்கும்போது "குறையாது" என்பது "பார்த்துக்கலாம்" ஆகிவிடும்.

ஆட்கள் கான்ட்ராக்டர் மூலம் வந்தவர்கள் என்றால் அவரோடு பேச்சை முதலில் முடிக்க வேண்டும். அவர் கமிஷனும் பீஸ் கணக்கில்தான் ஓடுகிறது. உற்பத்தி குறையும் முதல் மூன்று வாரம் அவர் வருமானமும் குறையும். அதற்கு ஈடு செய்யாவிட்டால் இரண்டாவது வாரமே நல்ல டைலர்களை வேறு கம்பெனிக்குக் கூட்டிப் போய்விடுவார்.

ஆறு வாரத்துக்குப் பிறகு குழு ஊக்கத்தொகை. உதாரணத்துக்கு, பத்து பேருக்கும் ஷிப்ட் சம்பளம் சராசரி 700 ரூபாய், பழைய உற்பத்தி 480 பீஸ் என்று வைத்துக்கொள்வோம். பீஸுக்குத் தையல் கூலி 14.58 ரூபாய் விழுகிறது. 480-க்கு மேல் வரும் ஒவ்வொரு நல்ல பீஸுக்கும் 10 ரூபாய் பொதுவில் சேரும் என்று வைத்தால், 600 பீஸ் வந்த நாளில் 1,200 ரூபாய் சேரும், ஆளுக்கு 120. கம்பெனிக்கு பீஸ் கூலி 13.67 ஆகக் குறைகிறது. இரண்டு பக்கமும் லாபம் தெரிகிற இந்தக் கணக்கை அரைத் தாளில் எழுதிக் காட்ட முடிய வேண்டும். ஒரு டைலர் தன் ஊக்கத்தொகையைத் தானே விரல்விட்டு எண்ண முடியாவிட்டால் அந்தத் திட்டம் அவருக்கு இல்லை, அக்கவுண்ட்ஸ் ஆபீசுக்குத்தான். டேமேஜ் பீஸுக்குக் கூலியைப் பிடிக்காதீர்கள். ஊக்கத்தொகை எண்ணிக்கையில் சேர்க்காமல் விட்டால் போதும்.

480 என்ற அடிப்படை எண்ணை இரண்டு மாதம் கழித்து 520 ஆக்கக் கூடாது. மெஷினோ தைக்கும் முறையோ ஸ்டைலோ மாறினால் மட்டுமே அந்த எண் மாறும் என்று அதே தாளில் எழுதுங்கள். நன்றாகத் தைத்ததற்குத் தண்டனையாக டார்கெட் ஏறிய லைனில் யாரும் இரண்டாவது முறை வேகம் காட்ட மாட்டார்கள். பக்கத்து லைன்களும் இதைப் பார்த்துக்கொண்டுதான் இருக்கும்.

இதில் உண்மையிலேயே நஷ்டப்படுகிற ஒருவர் இருப்பார்: லைனின் வேகமான டைலர். பீஸ் ரேட்டில் மற்றவர்களைவிட நிறைய சம்பாதித்தவர். பொது அறிவிப்புக்கு முன்பே அவரைத் தனியாகக் கூப்பிட்டுப் பேசுங்கள். எல்லா மெஷினும் தைக்கத் தெரிந்தவராக இருந்தால், கூடுதல் அடிப்படைச் சம்பளத்தில் ஆல்ரவுண்டராக்குங்கள். லைனில் அவர் சொல் எடுபடும். அவர் எதிர்த்தால் நீங்கள் நடத்தும் மீட்டிங்கால் ஒரு பயனும் இல்லை.

சட்டத்தையும் கவனிக்க வேண்டும். சம்பளம் தரும் முறை, வேலை நேரம், ஷிப்ட் ஆகியவற்றை மாற்றுவதென்றால் தொழிலாளர்களுக்கு 21 நாள் முன்னறிவிப்பு தர வேண்டும். 1947-ம் ஆண்டின் தொழில் தகராறு சட்டத்தில் இது 9ஏ பிரிவாக இருந்தது. 2020-ம் ஆண்டின் தொழில் உறவுகள் சட்டத் தொகுப்பிலும் அதே 21 நாள்தான். சங்கம் இருந்தால் நோட்டீஸ் ஒட்டுவதற்கு முன்பே பேசிவிடுங்கள். அந்த 21 நாளை வீணாக்காமல் சூப்பர்வைசரைத் தயார்ப்படுத்தவும் ஸ்டிக்கர், மெஷின் வேலைகளை முடிக்கவும் பயன்படுத்தலாம்.

சூப்பர்வைசர்

மாற்றம் நின்று போகிற இடம் பெரும்பாலும் இதுதான். டைலரைக் குறை சொல்வது எளிது என்பதால் அப்படிச் சொல்கிறார்கள். எந்தப் பண்டில் யாருக்கு, எளிய சைஸ் யாருக்கு, அவசரம் எது என்று முடிவு செய்வதுதான் இதுவரை சூப்பர்வைசரின் வேலை. ஒற்றை பீஸில் துணி தானாகவே பக்கத்து மெஷினுக்குப் போகிறது. அவர் கையில் பிரித்துக் கொடுக்க எதுவும் இல்லை. புதிய வேலை ஒன்றைக் கொடுக்காவிட்டால் பழைய வேலையையே மறுபடி உண்டாக்கிக்கொள்வார்.

ஸ்டாப் வாட்சை அவர் கையில் கொடுங்கள். ஒவ்வொரு ஆபரேஷனுக்கும் 10 பீஸ் நேரம் எடுத்து அவரே எழுத வேண்டும். ஐ.இ. (இண்டஸ்ட்ரியல் இன்ஜினியரிங்) ஆபீசிலிருந்து ஆள் வந்து எழுதினால் அந்த எண்ணை லைன் நம்பாது. தவிர, கடிகாரத்தைப் பார்த்ததும் கை தானாக மெதுவாகும். காலை 10 மணிக்கு ஒரு நாள், மதியம் 3 மணிக்கு வேறொரு நாள் எடுத்து, எதற்காக எடுக்கிறோம் என்பதையும் சொல்லிவிட்டால் ஓரளவு உண்மையான நேரம் கிடைக்கும். ஆல்ரவுண்டரை எந்த மெஷினில் உட்கார வைப்பது, லைனை எப்போது நிறுத்துவது என்ற இரண்டு முடிவும் சூப்பர்வைசருடையதாகவே இருக்கட்டும். மேனேஜர் அதில் கை வைக்கக் கூடாது.

அவர் போனஸ் மாத உற்பத்தியோடு கட்டப்பட்டிருந்தால் அதற்கும் ஆறு வார உத்தரவாதம் வேண்டும். இல்லாவிட்டால் என்ன நடக்கும் என்பதைப் பார்க்க மெஷினுக்கு அடியில் குனிந்தால் போதும். கால் பெடலுக்குப் பக்கத்தில் ஒரு பிளாஸ்டிக் கூடை, அதில் முப்பது பீஸ், மேலே ஒரு துண்டு. கணக்கில் ஒற்றை பீஸ், கூடையில் பண்டில். அந்தக் கூடையைப் பார்த்ததும் யாரையும் திட்டாதீர்கள். அந்த மெஷினுக்கு முன்னால் உள்ள ஆபரேஷனில் தடங்கல் இருக்கிறது, அல்லது அந்த மெஷின் அடிக்கடி நிற்கிறது என்றுதான் அர்த்தம். அதைச் சரிசெய்தால் கூடை போய்விடும்.

கூடைக்குப் பதிலாக, இரண்டு மெஷின்களுக்கு நடுவில் மேசை மேல் மஞ்சள் டேப்பால் ஒரு கட்டம் ஒட்டுங்கள். அதில் இரண்டு பீஸ் வைக்கலாம். கட்டம் நிறைந்துவிட்டால் முன்னால் இருப்பவர் தைப்பதை நிறுத்திவிட்டு அடுத்தவருக்கு உதவ வேண்டும். சும்மா உட்கார்ந்தாலும் பரவாயில்லை. மூன்றாவது பீஸை மட்டும் தைக்கக் கூடாது. டைலர் சும்மா உட்காருவதை மேனேஜர்களால் பார்க்க முடியாது. ஆனால் லைன் எங்கே மாட்டுகிறது என்பது அப்போதுதான் கண்ணுக்குத் தெரிகிறது.

ஆட்களைப் பிரிப்பது

சாதாரண ரவுண்ட் நெக் டி-ஷர்ட்டை எடுத்துக்கொள்வோம். நேரங்கள் எல்லாம் மாதிரிக்குத்தான், உங்கள் லைனில் நீங்களே எடுக்க வேண்டும். டேப்போடு ஷோல்டர் 30 விநாடி, ரிப் ஜாயின்ட் 15, நெக் ரிப் ஏற்றுவது 35, நெக் டேப் ஃபினிஷிங் 40, லேபிள் 20, ஸ்லீவ் ஹெம் 30, ஸ்லீவ் ஏற்றுவது 50, சைடு 60, பாட்டம் ஹெம் 35, நூல் வெட்டுவது 20, செக்கிங் 25. மொத்தம் 360 விநாடி, அதாவது 6 நிமிடம்.

ஒரு நாளைக்கு 600 பீஸ் வேண்டுமென்றால் 480 நிமிடத்தை 600-ஆல் வகுக்க வேண்டும். 48 விநாடிக்கு ஒரு பீஸ் வெளியே வர வேண்டும். யாருடைய வேலையும் 48 விநாடியைத் தாண்டக் கூடாது. பழகும் காலத்தையும் நினைத்தால் 45-க்குள் நிறுத்துவது நல்லது. சைடு 60, ஸ்லீவ் 50 இரண்டும் தாண்டுகின்றன. இரண்டுமே ஓவர்லாக் (துணி ஓரத்தை வெட்டிக்கொண்டே தைக்கும் மெஷின்) வேலை என்பதால் மூன்று ஓவர்லாக் டைலர்கள் சேர்ந்து 110 விநாடியைப் பங்கிட்டால் ஆளுக்கு 37 விநாடி வரும். ரிப் ஜாயின்ட்டும் லேபிளும் சிங்கர் (ஒற்றை ஊசி நேர்த்தையல்) மெஷின் வேலை. ஒரே ஆள் 35 விநாடியில் முடித்துவிடலாம். ஆனால் ஒன்று நெக்குக்கு முன்னால் வருவது, மற்றொன்று பின்னால் வருவது. அதனால்தான் லைனை நேராகப் போடாமல் யு வடிவில் போடச் சொல்கிறோம். நடுவில் உட்கார்ந்தவருக்கு இரண்டு பக்கமும் எட்டும். நூல் வெட்டுவதும் செக்கிங்கும் ஒருவரே, 45 விநாடி. மற்ற ஐந்து ஆபரேஷனுக்கும் ஆளுக்கு ஒன்று. மொத்தம் பத்து பேர்.

அந்தப் பத்தோடு ஒரு ஆல்ரவுண்டரைச் சேர்த்துப் பதினொன்றாகக் காஸ்டிங்கில் (செலவுக் கணக்கில்) போடுங்கள். பண்டில் லைனில் ஒருவர் வராவிட்டால் உற்பத்தி கொஞ்சம் குறையும். ஒற்றை பீஸில் அந்த இடத்தில் லைனே நின்றுவிடும். சம்பளம் வாங்கிய மறு திங்கட்கிழமை எத்தனை பேர் வருவார்கள் என்பது உங்களுக்கே தெரியும். ஒவ்வொரு டைலருக்கும் குறைந்தது மூன்று ஆபரேஷனாவது தெரிய வேண்டும். யாருக்கு எது தெரியும் என்று ஒரு அட்டை எழுதி லைன் முகப்பில் மாட்டிவிட்டால், காலையில் ஆள் மாற்ற இரண்டு நிமிடம் போதும். கைமடி ஆட்களையும் (டைலருக்குக் கை உதவி செய்யும் ஹெல்பர்கள்) இந்த அட்டையில் சேருங்கள். பண்டில் கட்டும் வேலை போய்விடுவதால் முதலில் வேலை பறிபோகுமோ என்று கலங்குவது அவர்கள்தான். அவர்களை நூல் வெட்டவும் பீடிங்குக்கும் (லைனுக்குத் துணி எடுத்துக் கொடுப்பது) பழக்குங்கள். பிறகு மெஷினிலும் உட்கார வைக்கலாம்.

டொயோட்டா குழுமத்தின் ஐசின் நிறுவனம் வகுத்த தையல் முறையில் டைலர்கள் நின்றுகொண்டு, மெஷினுக்கு மெஷின் நகர்ந்து தைப்பார்கள். அதைப் பார்த்துவிட்டு வருகிற கன்சல்டன்ட்கள் முதல் நாளே நாற்காலியை எடுக்கச் சொல்வார்கள். கேட்காதீர்கள். கூலியும் வேலை முறையும் மாறுகிற அதே வாரத்தில் காலும் வலித்தால், எல்லாக் கோபமும் கால் வலியாகத்தான் வெளிவரும்.

மெக்கானிக், கட்டிங், ஷேடு

பண்டில் இருக்கும்போது ஓவர்லாக் அரை மணி நேரம் நின்றாலும் அடுத்தவர் கையில் வேலை இருக்கும். ஒற்றை பீஸில் இரண்டு நிமிடத்தில் லைன் முழுக்க நிற்கும். ஆகவே ஒரு ஓவர்லாக்கும் ஒரு பிளாட்லாக்கும் (ஹெம் மடித்துத் தைக்கும் மெஷின்), அதே நூல் கோத்த நிலையில், லைன் பக்கத்திலேயே தயாராக நிற்க வேண்டும். கெட்ட மெஷினை அங்கேயே பிரித்துப் பார்க்காமல் மாற்றிவிட்டு, ஒர்க் ஷாப்பில் சரிசெய்ய வேண்டும். ஊசி, லூப்பர், நூல் கலர் மாற்றம் எல்லாவற்றையும் முந்தைய நாள் மாலையே முடிப்பது மெக்கானிக்கின் புதிய வேலை.

ஷேடு விஷயம் இன்னும் சிக்கலானது. ஒரே கலர் ரோல்களுக்குள்ளேயே ஷேடு வித்தியாசம் இருக்கும். முன்பக்கம், பின்பக்கம், ஸ்லீவ் எல்லாம் ஒரே அடுக்கிலிருந்து வரவேண்டும் என்பதைப் பண்டில்தான் காப்பாற்றி வந்தது. பண்டிலைக் குறைத்தால் ஒவ்வொரு பார்ட்டிலும் நம்பர் ஸ்டிக்கர் கட்டாயம். ஸ்டிக்கர் தையலுக்குள் மாட்டாத இடத்தில் இருக்க வேண்டும். நூல் வெட்டுபவர் எடுத்துவிட வேண்டும். இதற்குக் கட்டிங்கில் ஒரு ஆள் கூடுதலாக வேண்டியிருக்கும். நாள் முழுக்கத் தேவையானதைக் காலையிலேயே கொண்டுவந்து கொட்டும் பழக்கத்தையும் நிறுத்தி, இரண்டு மணி நேரத்துக்கு ஒரு முறை 150 பீஸ் என்று கொடுக்கச் சொல்லுங்கள். கட்டிங் மாஸ்டரைத் திட்டமிடும் கூட்டத்துக்குக் கூப்பிடாமல் இதைச் சொன்னால் நடக்காது.

எந்த லைன், எந்த ஸ்டைல், எந்த நாள்

நல்ல டைலர்களாகப் பொறுக்கி ஒரு மாதிரி லைன் அமைக்கும் ஆசை வரும். அந்த லைன் ஜெயித்தாலும் "அந்த ஆளுங்க எப்படித் தைச்சாலும் வரும்" என்றுதான் மற்றவர்கள் சொல்வார்கள். உற்பத்தியில் நடுத்தரமான ஒரு லைனை, ஆட்களை மாற்றாமல் அப்படியே எடுங்கள்.

முதல் ஸ்டைலில் பிரிண்டோ எம்பிராய்டரியோ வேண்டாம். வெளியே ஜாப் ஒர்க் போன முன்பக்கம் அறுபதாக வந்து, அடுத்த அறுபது மறுநாள் வந்தால் உங்கள் லைன் மேல் தப்பில்லாமலே லைன் நிற்கும். ஒரே கலரில் 10,000 பீஸாவது உள்ள ஆர்டர் வேண்டும். தீபாவளிக்கு முந்தைய மாதமும், ஊருக்குப் போனவர்கள் முழுதாகத் திரும்பாத அடுத்த வாரங்களும், பொங்கலை ஒட்டிய நாட்களும் ஆகாது.

தொடங்குவதற்கு வியாழக்கிழமை நல்லது. மூன்று நாள் தடுமாறியதும் ஞாயிறு வந்துவிடும். மெஷினை நகர்த்தவும், எட்டாத மேசையை இழுத்துப் போடவும் ஒரு நாள் கிடைக்கும். திங்கட்கிழமை தொடங்கினால் அந்தத் திருத்தங்களுக்கு ஒரு வாரம் காத்திருக்க வேண்டும்.

24-லிருந்து ஒரே தாவலில் ஒன்றுக்கு வராதீர்கள். முதல் வாரம் 12, அடுத்த வாரம் 6, மூன்றாவது வாரம் 3, பிறகு மஞ்சள் கட்டம். ஒவ்வொரு படியிலும் புதிதாக ஒரு தடங்கல் மேலே வரும். ஒரே நாளில் எல்லாம் வந்தால் எதையும் சரிசெய்ய முடியாது.

குறைவதை முன்பே கணக்கில் எழுதுங்கள்

முதல் வாரம் பழைய உற்பத்தியில் 55 சதவீதம், இரண்டாவது வாரம் 75, மூன்றாவது வாரம் 90, நான்காவது வாரம் 100 என்று திட்டமிடுங்கள். வாரத்துக்கு ஆறு நாளில் 2,880 பீஸ் தரும் லைன் என்றால் மூன்று வாரத்தில் சுமார் 2,300 பீஸ் குறையும். அந்த 2,300-ஐ வேறு லைனுக்கோ வேறு தேதிக்கோ மாற்றிக்கொள்ளும்படி மெர்ச்சண்டைசரிடம் (ஆர்டரையும் ஷிப்மென்ட்டையும் பார்ப்பவர்) முன்பே சொல்லிவிடுங்கள். சொல்லாமல் விட்டால், மூன்றாம் நாள் ஷிப்மென்ட் பயத்தில் வருகிற முதல் போனே "பழையபடி ஓட்டுங்க" என்றுதான் இருக்கும்.

அந்தப் போன் வரும் என்பதால் எப்போது பழைய முறைக்குத் திரும்புவது என்பதையும் எழுதி, முதலாளியின் கையெழுத்தை வாங்கி வையுங்கள். 15 வேலை நாள் கழித்தும் 70 சதவீதம் தாண்டாவிட்டால் நிறுத்திவிட்டு மறுபரிசீலனை. அதற்கு முன் யார் சொன்னாலும் இல்லை. இப்படி ஒரு எல்லை இருந்தால் சந்தேகப்படுகிறவர்களும் 15 நாள் பொறுத்துக்கொள்வார்கள்.

லைன் முகப்பில் ஒரு போர்டு. மணி, டார்கெட், வந்தது, காரணம் என்று நான்கு கட்டம். காரணக் கட்டத்தில் ஆள் பெயர் எழுதக் கூடாது. "பிளாட்லாக் நூல் அறுந்தது, 12 நிமிடம்" என்று எழுத வேண்டும். மாலையில் மேனேஜர் அதைப் படித்து, மறுநாள் காலைக்குள் ஒரு காரணத்தையாவது தீர்த்து, தீர்ந்ததை லைனில் சொல்ல வேண்டும். ஒரு வாரம் எழுதியும் எதுவும் தீராவிட்டால் எட்டாம் நாள் எல்லாக் கட்டத்திலும் "கரண்ட் கட்" என்று எழுதியிருக்கும்.

பீஸ் எண்ணிக்கையோடு இன்னும் மூன்றைக் கவனியுங்கள்: உள்ளே போன பீஸ் வெளியே வர எத்தனை நிமிடம், நூறு பீஸுக்கு எத்தனை டேமேஜ், லைனை விட்டுப் போனவர்கள் எத்தனை பேர். ஆறு வாரத்தில் மூன்று பேர் நின்றுவிட்டால், உற்பத்தி ஏறியிருந்தாலும் சம்பளக் கணக்கில் ஏதோ சரியில்லை. நின்றவர்களிடம் போன் செய்து கேட்டுவிடுங்கள். வேலையில் இருப்பவர்கள் சொல்லாததை அவர்கள் சொல்வார்கள்.

அடுத்த லைன்கள்

முதல் லைன் ஒரு மாதம் நிலையாக ஓடிய பிறகு இரண்டாவதைத் தொடலாம். முதல் லைனிலிருந்து இரண்டு டைலர்களை இரண்டு வாரத்துக்கு அனுப்புங்கள். அந்த நாட்களுக்கு அவர்களுடைய பழைய லைன் ஊக்கத்தொகையும் கிடைக்க வேண்டும். மெக்கானிக் எத்தனை லைனைத் தாங்குவார் என்பதுதான் வேகத்தை முடிவு செய்யும். மாதத்துக்கு ஒரு லைனுக்கு மேல் போனால், மாற்றிய லைன்களிலும் கூடை தலைகாட்டும்.

எல்லா லைனையும் மாற்ற வேண்டியதில்லை. சாம்பிள் லைனும், 300 பீஸ், 500 பீஸ் என்று ஸ்டைல் மாறிக்கொண்டே இருக்கும் லைனும், பிரிண்ட் முன்பக்கம் வெளியிலிருந்து வரும் ஆர்டர்களை ஓட்டும் லைனும் சின்னப் பண்டிலில், ஆறு அல்லது எட்டு பீஸில் ஓடட்டும்.